தோட்டமும் ஊர்தான்

கூகுளில் 'மாத்தளையில் பார்க்க வேண்டிய இடங்கள்' என்று ஒருக்கா தேடிப் பாருங்கள். சீகிரியா வரும். தம்புள்ளை வரும். அலுவிகாரை, நாலந்தா கெடிகே, ரிவர்ஸ்டன், பிட்டவல பத்தனை எல்லாம் வரும். அதற்குக் கீழே வாசனைத் திரவியத் தோட்டங்கள் வரிசை கட்டி நிற்கும். முத்துமாரியம்மன் கோயிலும் வரும், டூரிஸ்ட் பஸ் அரைமணி நேரம் நிறுத்திவிட்டுப் போகிற இடமாக. பட்டியலில் இருக்கிற எதன்மேலும் எங்களுக்குக் கோபம் இல்லை. சீகிரியா 1982இலும் தம்புள்ளை 1991இலும் உலக மரபுரிமைப் பட்டியலுக்குப் போனதில் மாத்தளைக்காரர்களான எங்களுக்கும் பெருமைதான். ஆனால் முழுசாக வாசித்து முடித்தபிறகு ஒன்று உறைக்கிறது. ஏலக்காயும் கறுவாவும் காட்டுகிற தோட்டம் இருக்கிறது. ஆட்கள் குடியிருக்கிற தோட்டம் ஒன்றுகூட இல்லை.

பங்களா இருக்கிறது. அதையும் சொல்லத்தான் வேண்டும். தொரை இருந்த பழைய பங்களாக்கள் மலைநாடு முழுக்க 'ஹெரிட்டேஜ் பங்களா' என்ற பெயரில் ஹோட்டலாகிக்கொண்டு வருகின்றன. பழைய மரக்கதிரை, பழைய கணப்பு, சுவரில் கறுப்பு வெள்ளைப் படம். அதே தோட்டத்தில், அதே காலத்தில், அதே கல்லால் கட்டிய லயத்துக்கு மட்டும் வேறு பெயர்: 'பிரச்சினை'. பங்களா மரபுரிமை, லயம் பிரச்சினை. இந்தப் பிரிப்பை யார் செய்தார்கள், நாம் ஏன் அதை அப்படியே தூக்கிக்கொண்டு திரிகிறோம் என்பதுதான் இந்தக் கட்டுரை.

எங்கள் குழுவில் பாதிப் பேர் ரத்தோட்டை, எல்கடுவை, உக்குவளைப் பக்கத்துத் தோட்டங்களில் பிறந்தவர்கள். கலைப்பீடத்தில் 'மரபுரிமை' என்ற சொல்லை வாரத்துக்கு நாலு தரம் கேட்கிறோம். அந்தச் சொல்லைக் கேட்கும்போது மண்டைக்குள் என்ன படம் வருகிறது என்று ஒருநாள் ஆளுக்காள் கேட்டுக்கொண்டோம். தூபி, கோபுரம், கோட்டை, அரண்மனை. ஒரே ஒருத்தி மட்டும் "பீலி" என்றாள். எல்லோரும் சிரித்தோம். பிறகு அவள் சொன்னதைப் பற்றித்தான் ரொம்ப நேரம் பேசினோம்.

கொஞ்சம் தூரம் போய்விட்டு வருவோம். பிரான்ஸ் என்றால் நம்ம ஆட்களுக்குப் பாரிசில் இருக்கிற லா ஷப்பெல்தான் ஞாபகம் வரும். சித்தப்பா கடை, பிள்ளையார் தேர், இடியப்பம். நாங்கள் சொல்லப் போவது வேறு ஷப்பெல். நெவ் ஷப்பெல், பிரான்சின் வடக்கே பா த கலே மாவட்டத்தில் இருக்கிற சின்ன விவசாயக் கிராமம். ஆயிரத்துச் சொச்சம் பேர், சுற்றிவர வயல். 1915 மார்ச் மாதம் 10ஆம் திகதியிலிருந்து மூன்று நான்கு நாள் அங்கே பெரிய சண்டை. ஜெர்மன்காரர்களோடு சண்டை போட்டது பிரிட்டிஷ் படை. அதில் பெரும் பங்கு இந்தியச் சிப்பாய்கள். பஞ்சாப், கர்வால், நேபாள மலைகளிலிருந்து கப்பலேறி வந்தவர்கள். இன்றைக்கு அந்த ஊர் எல்லையில், ஒரு சந்தியில், தாமரைத் தலை வைத்த உயரமான தூணும் அதன் அடியில் இரண்டு கல் புலிகளும் நிற்கின்றன. 1927இல் திறந்தார்கள். பின்னால் இருக்கிற வட்டச் சுவரில், முதலாம் உலகப் போரில் செத்து, தனியாக ஒரு கல்லறைகூடக் கிடைக்காத 4,700க்கும் அதிகமான இந்தியர்களின் பெயர்கள் வெட்டப்பட்டிருக்கின்றன. ஒவ்வொருவருக்கும் ஒரு பெயர், ஒரு படைப்பிரிவு.

அவர்கள் அந்த ஊர்க்காரர்கள் இல்லை. அவர்களுடைய பாஷை அந்த ஊருக்குத் தெரியாது. ஆனாலும் அந்தச் சுவர் இன்றைக்கு அந்தக் கிராமத்தின் மரபுரிமை.

இனி மாத்தளைக்கு வாருங்கள். அதே சாம்ராஜ்யம், அதே கடல் தாண்டின பயணம். துப்பாக்கிக்குப் பதிலாக மண்வெட்டி, அவ்வளவுதான் வித்தியாசம். ராமநாதபுரம், புதுக்கோட்டை, திருச்சி, தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து நடந்து வந்து, தோணியேறி, தலைமன்னார், அரிப்புக் கரையில் இறங்கி, அங்கேயிருந்து காட்டு வழியாக மறுபடி நடை. மதவாச்சி, அநுராதபுரம், தம்புள்ளை, நாலந்தா, மாத்தளை. அந்த வடக்குப் பாதை மலையைத் தொடுகிற வாசல் நம்ம ஊர். கோப்பிக் காலத்தில் அறுவடைக்கு வந்து, கூலி வாங்கிக்கொண்டு திரும்பிப் போய், அடுத்த வருசம் மறுபடி வந்தவர்கள் ஏராளம். ஒரே ஆள் அந்தக் காட்டை நாலு தரம், ஆறு தரம் கடந்திருப்பான். வழியில் வாந்திபேதி, அம்மை, காய்ச்சல், பட்டினி, தண்ணீர் இல்லாமை. நடக்க முடியாதவர்களை விட்டுவிட்டுப் போனார்கள். செத்தவர்கள் எத்தனை பேர் என்று ஒவ்வொரு புத்தகமும் ஒவ்வொரு கணக்குச் சொல்கிறது. கணக்கு ஏன் இத்தனை விதமாக இருக்கிறது என்றால், பெயர் எழுதி வைத்த பட்டியல் என்று ஒன்று இல்லை. பட்டியல் இருந்தால் எண்ணலாம். இல்லாவிட்டால் மதிப்பிடத்தான் முடியும். சிப்பாயை எண்ணினார்கள். கூலியை மதிப்பிட்டார்கள்.

பெயருக்குப் பதிலாக நம்பர் கொடுத்தார்கள் என்பதும் உண்மைதான். பின்னாளில் தட்டப்பாறை, மண்டபம் முகாம்களிலிருந்து அனுப்பியபோது தொழிலாளியின் கழுத்திலோ கையிலோ ஒரு தகரத் துண்டு; அதில் தோட்டத்தின் குறியீடும் ஆளின் இலக்கமும். தோட்டத்துச் சின்னத் தொரைமார் தமிழ் படிக்க என்று 19ஆம் நூற்றாண்டில் வெளிவந்த கைப்புத்தகம் ஒன்றின் பெயரே 'இங்கே வா'. பெயர் தெரியாதவனைக் கூப்பிட இரண்டு சொல் போதும்தானே.

இதெல்லாம் பழைய கதை, இப்போது என்ன என்று கேட்பீர்கள். இப்போதும் சட்டத்தில் ஒரு திகதி உட்கார்ந்திருக்கிறது. நம்ம நாட்டுத் தொல்பொருட்கள் கட்டளைச் சட்டம் 1940இல் வந்தது. எது 'புராதன நினைவுச்சின்னம்' என்பதற்கு அது வைத்த எல்லைக்கோடு 1815 மார்ச் 2. கண்டி ஒப்பந்தம் கையெழுத்தான நாள். அதற்கு முந்தியது என்றால் தானாகவே புராதனம். மலையகத்தின் வரலாற்றை நாம் எங்கிருந்து எண்ணுகிறோம்? 1823. எட்டு வருசம் பிந்தி வந்துவிட்டோம். கோட்டை, விகாரை எல்லாம் வாசலைத் தாண்டி உள்ளே போய்விட்டன. நம்ம ஆட்கள் வருவதற்குள் கதவைச் சாத்தியாயிற்று. அந்தத் திகதிக்குப் பிந்திய கட்டடங்களையும் வர்த்தமானியில் அறிவித்துப் பாதுகாக்க வழி இருக்கிறது, இல்லையென்று சொல்லவில்லை. பிரிட்டிஷ் காலத்துக் கட்டடங்கள் பல அப்படித்தான் காப்பாற்றப்பட்டன. அதாவது கதவைத் திறக்கலாம், யாராவது தட்டினால். கச்சேரிக்கும் தபால் கந்தோருக்கும் தட்ட ஆள் இருந்தது. பெரட்டுக்களத்துக்கு இருக்கவில்லை.

அரசு நினைத்தால் என்ன செய்யும் என்பதற்கு நம்ம மாவட்டத்திலேயே உதாரணம் உண்டு. போவத்தென்ன நீர்த்தேக்கம் வந்தபோது நாலந்தா கெடிகே தண்ணீருக்குள் போயிருக்க வேண்டியது. கல் கல்லாகக் கழற்றி, மேட்டுக்குக் கொண்டுபோய், 1980இல் திரும்பக் கட்டி முடித்தார்கள். போய்ப் பாருங்கள், அழகான வேலை. ஒரு கட்டடத்தின் மேல் அவ்வளவு பொறுமை காட்ட முடியும் என்று அந்த இடம் நமக்குச் சொல்லித் தருகிறது.

பெரிய சிக்கல் இன்னொன்று இருக்கிறது. மரபுரிமை இருக்க வேண்டுமென்றால் முதலில் ஊர் இருக்க வேண்டும். தோட்டம் ஊரா?

பிரான்சில் ஏறக்குறைய 35,000 கொம்யூன்கள் இருக்கின்றன. நம்ம பிரதேச சபையின் குட்டித் தம்பி என்று வையுங்கள். அதில் பாதிக்கும் மேற்பட்டவற்றில் 500 பேர்கூடக் கிடையாது. நம்ம தோட்டத்தின் ஒரு டிவிசன் அளவு சனம். ஆனாலும் ஒவ்வொன்றுக்கும் ஒரு மேயர், ஒரு சின்ன மண்டபம், பதிவேடு. இங்கே? 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைகள் சட்டத்தில் 33ஆம் பிரிவு என்று ஒன்று இருந்தது. தோட்டத்து லயத்துக்குப் போகிற ரோட்டைப் போட, தண்ணீர்க் குழாய் இழுக்க, சபைக்குக் கையைக் கட்டிப் போட்ட பிரிவு. தோட்டத்து ஆட்கள் ஓட்டுப் போட்டுச் சபையைத் தெரிவு செய்யலாம். சபை அவர்கள் லயத்து வாசலுக்கு வர முடியாது. 2018இல்தான் அதைத் திருத்தினார்கள். 31 வருசம். 1948இல் குடியுரிமை போனது, 1964 ஒப்பந்தத்தில் ஆட்களைப் பிரித்து அனுப்பினது என்று பெரிய அநியாயங்களைப் பற்றி நிறையப் பேர் எழுதியிருக்கிறார்கள். இந்தச் சின்னப் பிரிவு அவ்வளவு பேசப்படவில்லை. ஆனால் 'நீங்கள் இருக்கிற இடம் ஊர் இல்லை, யாரோ ஒருத்தருடைய வேலைத்தளம்' என்று தினம் தினம் சொல்லிக்கொண்டிருந்தது அதுதான்.

அதனால்தான் எங்களில் பலர் கம்பஸ் வந்ததும் விலாசத்தைச் சுருக்குகிறார்கள். "எந்த இடம்?" "மாத்தளை." "மாத்தளையில் எங்கே?" "டவுனுக்குக் கிட்ட." பன்னிரண்டு மைல் மேலே மலையில் இருக்கிற வீடு, டவுனுக்குக் கிட்ட. நாம் இதை யாரையும் குறை சொல்வதற்காக எழுதவில்லை. ஊர் என்று யாரும் ஒத்துக்கொள்ளாத இடத்தின் பெயரை எப்படிப் பெருமையாகச் சொல்வது? மாத்தளையைச் சேர்ந்த எழுத்தாளர்கள் மட்டும் இதைத் தலைகீழாகச் செய்தார்கள். மாத்தளை சோமு, மாத்தளை வடிவேலன், மாத்தளை கார்த்திகேசு. ஊரைப் பெயருக்கு முன்னால் இனிஷியல் மாதிரிப் போட்டுக்கொண்டார்கள். ஆனால் கவனியுங்கள், அவர்களாலும் டவுனைத்தான் போட முடிந்தது.

சரி, தோட்டத்தில் அப்படி என்ன இருக்கிறது? பீலி என்று சொன்னாளே அவளிடமிருந்து தொடங்குவோம்.

மலையிலிருந்து வருகிற ஊற்றுத் தண்ணீரை மூங்கிலோ தகரமோ வைத்து இறக்கிவிடுகிற இடம். குளிப்பது, உடுப்புத் துவைப்பது, குடத்தில் பிடிப்பது, சண்டை, சமாதானம், கல்யாணப் பேச்சு எல்லாம் அங்கேதான். பிரான்ஸ் கிராமங்களிலும் இதே மாதிரி பொதுவாகத் துணி துவைக்கிற தொட்டிகள் இருந்தன. மிஷின் வந்தபிறகு யாரும் போவதில்லை. ஆனால் அவற்றை இடிக்காமல், கூரையைத் திருத்தி, பூச்செடி வைத்து, 'இது எங்கள் ஊர்ப் பெண்கள் துவைத்த இடம்' என்று வைத்திருக்கிறார்கள். 1984இல் அங்கே நினைவுச்சின்னங்களை வருசத்தில் ஒருநாள் எல்லோருக்கும் திறந்துவிடுகிற பழக்கம் தொடங்கியது. இப்போது ஐரோப்பா முழுக்க நடக்கிறது. பெரிய மாளிகைகளோடு சேர்த்துச் சின்னச் சின்ன ஊர்களும் தங்கள் தேவாலயத்தையும் ஆலைகளையும் துவைதொட்டியையும் திறந்து காட்டுகின்றன. சின்னதுக்கும் அங்கே மரபுரிமை என்றுதான் பெயர். நம்ம பீலியில் வெள்ளைக்காரன் காலத்துக் கல்தொட்டி இருக்கலாம். சிமெந்து பூசிவிட்டால் முடிந்தது.

அடுத்தது சாமிகள். மாரியம்மன், முனியாண்டி, மதுரைவீரன் எல்லாம் அங்கேயிருந்து கூடவே வந்த சாமிகள். ஆனால் ரோதமுனி? ஸ்டோரில் சுற்றுகிற ரோதைக்குக் காவல் சாமி. கவ்வாத்துச்சாமி? கவ்வாத்துக் கத்தி பிடித்த கைகளுக்குக் காவல். இந்தச் சாமிகளை மதுரையில் தேடிப் பார்த்தால் கிடைக்காது. மிஷினுக்குள் கை போன ஒருத்தனுடைய பயமும், சறுக்குகிற மலையில் நிற்கிற ஒருத்தனுடைய பயமும் சேர்ந்து இங்கே, இந்த மண்ணில் பிறந்த தெய்வங்கள். மாத்தளை வடிவேலன் மலையகத்தின் நாட்டார் தெய்வங்களைப் பற்றியும் பாரம்பரியக் கலைகளைப் பற்றியும் தேடித் தேடி எழுதினார். நம்ம லைப்ரரியில் இருந்தால் எடுத்து வாசியுங்கள். 'நீங்கள் இந்தியாவிலிருந்து வந்தவர்கள்தானே' என்று யாராவது சொன்னால் ரோதமுனியைக் காட்டலாம். அவர் இங்கேதான் பிறந்தார். பிறப்புச் சான்றிதழ் மட்டும்தான் இல்லை.

காமன் கூத்தும் அப்படித்தான். மாசி மாசம் மூன்றாம் பிறையில் கம்பம் ஊன்றினால் பௌர்ணமி வரை தோட்டம் தூங்காது. அதே மாசியில் கீழே டவுனில் முத்துமாரியம்மனுக்குப் பஞ்சரதம். அந்தக் கோயிலின் கதையும் லேசான கதை இல்லை. மரத்தடியில் சின்னச் சிலையாக இருந்தது, வயல்காணி நன்கொடையாக வந்து, 1874இல் கோயிலாகி, நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள் பணம் போட்டு, 1983இல் தேர்களோடு எரிந்து, திரும்ப எழும்பி, இப்போது 108 அடிக் கோபுரம். அந்தத் தேரின் வடம் பிடிக்க மலையிலிருந்து இறங்கி வருகிற கூட்டம் எங்கே இருந்து வருகிறது என்று அரைமணி நேரம் நிற்கிற பஸ்ஸில் யாரும் சொல்வதில்லை.

பிறகு பெயர்கள். இதைத்தான் நாங்கள் எதிர்பார்க்கவில்லை. போன லீவில் எங்கள் பக்கத்துத் தோட்டங்கள் மூன்றில் பெரியவர்களிடம் போய் உட்கார்ந்தோம். தோட்டத்துக்கு இங்கிலீசில் ஒரு பெயர், தமிழில் வேறொரு பெயர் என்பது எல்லோருக்கும் தெரியும். ஆனால் ஒவ்வொரு மலைக்கும், ஒவ்வொரு வளைவுக்கும் பெயர் இருக்கிறது. மேற்கணக்கு, பணியக்கணக்கு. பேய்ப்பாறை வளைவு. கோப்பிக்காடு என்று ஒரு மலை. அங்கே இப்போது நிற்பது ரப்பர். இலைநோய் வந்து கோப்பி அழிந்து நூற்றுமுப்பது வருசத்துக்கு மேலாகிறது, பெயர் மட்டும் இன்னும் சாகவில்லை. ஒரு லயத்தின் பெயர் புது லயம். எப்போது கட்டினது என்று கேட்டோம். "என் மாமியார் கல்யாணம் முடிச்சு வந்தப்பவே அது புது லயம்தான்" என்றார் ஒரு அம்மாயி. அவருக்கே எண்பது தாண்டிவிட்டது.

அதே அம்மாயிதான் எங்கள் கொப்பியைப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "பேரெழுதி என்னத்தப் பண்ணப் போறீங்க? வீட்டுக்கா, ஓட்டுக்கா?" தோட்டத்துக்கு வந்து பேர் எழுதினவர்கள் எல்லோரும் அந்த இரண்டில் ஒன்றுக்குத்தான் எழுதியிருக்கிறார்கள்.

இங்கே ஒரு நியாயமான கோபம் வரும், வந்தது. நாங்கள் இதை முதலில் பேசினபோது எங்கள் குழுவிலேயே ஒருத்தன் எழும்பிக் கேட்டான்: "பத்துக்குப் பன்னிரண்டு காம்பராவில ஏழு பேர் படுக்கிறோம். மழை பெய்தா சட்டி வைக்கிறோம். அதை மரபுரிமைன்னு பாதுகாக்கணுமா? டூரிஸ்ட் வந்து எங்க இஸ்தோப்புல நின்னு ஃபோட்டோ எடுக்கவா?" அவன் கேட்டதில் ஒரு சொல்கூடப் பிழையில்லை. 7 பேர்ச் காணிக்கு இத்தனை வருசம் இழுபடுகிற ஒரு சமூகத்திடம் 'உங்கள் லயம் எவ்வளவு அழகு' என்று சொல்கிறவனை நம்பவே கூடாது.

ஆனால் மறுபடியும் அந்த வடக்குப் பிரான்சைப் பாருங்கள். நெவ் ஷப்பெல்லுக்குக் கொஞ்சம் தெற்கே போனால் நிலக்கரிச் சுரங்கப் பிரதேசம். சுரங்கக் கம்பனி தொழிலாளர்களுக்குக் கட்டிக் கொடுத்த வீடுகள் அங்கே வரிசை வரிசையாக இருக்கின்றன. ஒட்டி ஒட்டி, ஒரே அச்சில், சிவப்புச் செங்கல்லில். அவர்கள் கொரோன் என்கிறார்கள். நாம் பார்த்தால் லயம் என்போம். கம்பனி வீடு, கம்பனிக் கடை, கம்பனி ஸ்கூல். 1920களில் போலந்திலிருந்து குடும்பம் குடும்பமாக ஆட்களைக் கொண்டுவந்து குடியேற்றினார்கள். எல்லாம் நமக்குத் தெரிந்த கதை. கடைசிச் சுரங்கம் 1990இல் மூடியது. 2012இல் அந்தப் பிரதேசத்தை, வரிசை வீடுகளையும் கரிக்கழிவு கொட்டிய மேடுகளையும் சேர்த்து 109 பகுதிகளாக, யுனெஸ்கோ உலக மரபுரிமையில் போட்டது. சீகிரியா இருக்கிற அதே பட்டியலில். முக்கியமான விசயம், அந்த வீடுகளில் இன்னும் ஆட்கள் இருக்கிறார்கள். வெளித்தோற்றத்தை வைத்துக்கொண்டு உள்ளே திருத்தி, வசதி செய்து கொடுக்கிற வேலை நடக்கிறது. மரபுரிமை என்றால் வறுமையைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைப்பது என்று அங்கே யாரும் புரிந்துகொள்ளவில்லை.

நாங்கள் கேட்பது எல்லா லயத்தையும் வைத்திரு என்று இல்லை. இடிக்கட்டும், நல்ல வீடு கட்டட்டும், உறுதிப்பத்திரத்தோடு. அதற்கு முன்னால் ஒருதரம் அளந்து, படம் எடுத்து, யார் யார் எந்தக் காம்பராவில் இருந்தார்கள் என்று எழுதி வைப்பதற்கு என்ன செலவு? ஒரு பிரதேசத்துக்கு ஒரு லயம், ஒரு மடுவம் விட்டு வைத்தால் போதும். கம்பளைப் பக்கம் பழைய லயம் ஒன்றைத் தோட்டத் தொழிலாளர் அருங்காட்சியகமாக ஒரு நிறுவனம் 2007இலிருந்து நடத்தி வருகிறது. ஹந்தானையில் தேயிலைக்கு ஒரு பெரிய மியூசியம் இருக்கிறது. அங்கே மிஷின்கள் பளபளவென்று நிற்கின்றன. மிஷினைத் துடைத்த ஆளைத் தேடினால் கம்பளைக்குப் போக வேண்டும். மாத்தளையில், அந்தப் பாதை வந்து சேர்ந்த ஊரில், ஏன் ஒன்று இருக்கக் கூடாது?

காணிக்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்று நினைக்காதீர்கள். ஓர் இடத்தில் உன் பூட்டன் புதைந்திருக்கிறான், உன் பாட்டி பெயர் வைத்த வளைவு இருக்கிறது, உன் சாமி பிறந்திருக்கிறது என்று எழுத்தில் இருந்தால், 'குடியிருக்க அனுமதிக்கப்பட்டவர்' என்ற சொல்லோடு யாரும் லேசாக வந்து நிற்க முடியாது. மாத்தளையின் சிங்களக் கிராமங்களுக்கு இது நன்றாகத் தெரியும். 1848 கிளர்ச்சியையும் வீர புரன் அப்புவையும் அவர்கள் மறக்க விடவில்லை. டவுனில் நினைவுத்தூண் இருக்கிறது, பாடப்புத்தகத்தில் பாடம் இருக்கிறது. சரியான காரியம். தம்புள்ளையிலிருந்து மாத்தளை நோக்கி அந்தக் கிளர்ச்சிக்காரர்கள் கிளம்பினது ஜூலை 28. 175 வருசம் கழித்து, 2023 ஜூலை 28இல் தலைமன்னாரிலிருந்து 'மாண்புமிகு மலையக மக்கள்' நடைபயணம் கிளம்பி, ஆகஸ்ட் 12இல் மாத்தளையில் முடிந்தது. திகதி தற்செயல்தான், ஆனால் கடைசிப் பகுதியில் இரண்டும் ஒரே ரோடு. அந்த நடைபயணத்தில் வழியோரச் சிங்கள, முஸ்லிம் சனங்களும் தண்ணீர் கொடுத்தார்கள், கூட நடந்தார்கள். நடந்தவர்கள் கையில் கோரிக்கைகள் இருந்தன. போஸ்டர்களும் நிறைய இருந்தன. நடந்து முடிந்தபிறகு அந்தப் பாதையில், இன்ன இடத்தில் தண்ணீர்க் கிணறு இருந்தது, இன்ன இடத்தில் தங்குமடம் இருந்தது என்று ஒரு பலகை வரிசை வந்திருக்க வேண்டும். பேஸ்புக்கில் படங்கள் இருக்கின்றன.

நம்ம பக்கத்திலும் இடிக்கிற கை இருக்கிறது. கோயில் கும்பாபிஷேகம் என்று வந்தால் முதல் வேலையாகப் பழைய கல்லைத் தூக்கிப் போட்டுவிட்டு டைல்ஸ். பழைய கங்காணி காலத்து மணியை விற்றுவிட்டுப் புது மணி. மயானத்தில் யார் எந்தப் பக்கம் புதைக்கப்பட்டார்கள் என்று கேட்டால் சாதிக் கதை வெளியே வரும் என்பதால் பெரியவர்கள் பேச்சை மாற்றுவார்கள். தப்பு அடித்துத் தோட்டத்தைப் பெரட்டுக்கு எழுப்பின குடும்பத்தின் பெயரை, அந்தத் தப்பை மேடையில் 'நம் பாரம்பரியக் கலை' என்று ஆடுகிறவர்களே சொல்ல மாட்டார்கள். பட்டியல் எழுதினால் அந்தப் பெயரும் எழுதத்தான் வேண்டும். முதலில் எழுத வேண்டிய பெயர்களில் அதுவும் ஒன்று.

ஆனால் பெயர்கள் முழுசாகத் தொலைந்துவிடவில்லை. கோயில் மணியின் விளிம்பைத் தடவிப் பாருங்கள். 'உபயம்' என்று வெட்டி, ஒரு பெயர், லய நம்பர், வருசம் இருக்கும். குத்துவிளக்கின் அடியில் இருக்கும். அம்மாயியின் எவர்சில்வர் குடத்தில், சீராக வந்த அண்டாவின் கழுத்தில், புள்ளி புள்ளியாகக் கொத்தின பெயர் இருக்கும். பிள்ளைக்காம்பராவின் பழைய பதிவில், ஸ்கூல் டாப்பில், பத்துச்சீட்டில் இருக்கும். யாரும் நமக்காகச் சுவர் எழுப்பவில்லை. நம்ம சனம் பாத்திரத்தில் வெட்டி வைத்திருக்கிறது.

வருகிற மாசி வரை நாங்கள் செய்யப்போவது இதுதான். ஆளுக்கொரு தோட்டம், ஒரு கொப்பி, ஒரு போன். கொப்பியில் ஐந்து கட்டம் போட்டிருக்கிறோம்: தோட்டத்தின் தமிழ்ப் பெயர், மலையின் அல்லது வளைவின் பெயர், அந்தப் பெயர் ஏன் வந்தது, யார் சொன்னார், சொன்னவரின் அப்பாவும் அம்மாவும் எந்த லயத்தில் எத்தனையாம் காம்பரா. ஐந்தாவது கட்டத்தைக் கொஞ்சம் பெரிதாகப் போடுங்கள், அங்கே வந்ததும் யாரும் ஒரு வரியில் நிறுத்துவதில்லை.